அண்ணனுக்கு ஒரு திருத்த மனு

வெங்கடப்பனும் சென்னகிருஷ்ணனும் ஒரே தாய்க்குப் பிறந்தவர்கள் என்பதில் உத்தனப்பள்ளியில் யாருக்கும் சந்தேகம் இருந்ததில்லை. சந்தேகம் முதலில் எழுந்தது ஓசூர் கோர்ட்டில்தான். அதை எழுப்பியவர் தம்பி சென்னகிருஷ்ணன். எழுப்பியபோது அவருக்கே அது தெரியாது.

ராயக்கோட்டை ரோட்டோரத்து அரை ஏக்கர்தான் வழக்கு. கொள்ளு விதைத்த காலத்தில் அதை யாரும் திரும்பிப் பார்த்ததில்லை. எண்பத்தைந்தில் எதிர்ப்பக்கம் ஒரு கம்பெனிக்காரன் கம்பிவேலி போட்டான். உடனே அது அப்பா தனக்கென்று விட்டுப்போன நிலம் என்று தம்பிக்கு நினைவு வந்தது. இருவருக்கும் பொது என்று அண்ணனுக்கு நினைவு வந்தது. அண்ணன் பாகம் கேட்டுப் பிராது போட்டார். தம்பியின் வக்கீல் அதற்கு எதிருரை எழுதினார். எதிராளி என்ன எழுதியிருந்தாலும் பாராவுக்குப் பாரா மறுத்துவிட்டுத்தான் அந்த வக்கீல் பேனாவை மூடுவார். பிராதின் மூன்றாவது பாரா, 'வாதியும் பிரதிவாதியும் உடன்பிறந்த சகோதரர்கள்' என்றது. 'அது உண்மைக்குப் புறம்பானது, வாதி அதைக் கண்டிப்பாக நிரூபிக்க வேண்டும்' என்று எதிருரை சொன்னது. சென்னகிருஷ்ணன் காட்டிய இடத்தில் கையெழுத்துப் போட்டார்.

மகளுக்கு மத்தூரில் மாப்பிள்ளை அமையும்வரை அதனால் ஒன்றும் கெட்டுவிடவில்லை. மாப்பிள்ளையின் அப்பா ராமப்பன் எல்லாம் பேசி முடித்துவிட்டு, எழுந்திருக்கும்போது சொன்னார்.

"தாம்பூலத்தை உங்க அண்ணன் கையால மாத்திக்கிறோங்க. வூட்டுக்குப் பெரியவரு அவருதானுங்களே. அவரு வரலைன்னா, என்னமோ இருக்குதுன்னு எங்க ஊர்ல பேசுவாங்க. கேட்டுட்டுச் சொல்லி அனுப்புங்க, நாள் குறிச்சிக்கலாம்."

சென்னகிருஷ்ணன் அண்ணன் வீட்டுக்குப் போனார். வெங்கடப்பன் கட்டிலில் உட்கார்ந்திருந்தார். தம்பியைத் தலையிலிருந்து கால்வரை பார்த்துவிட்டு உள்ளே குரல் கொடுத்தார்.

"சரோஜா, யாரோ வந்திருக்காங்க பாரு."

"அண்ணா, நான்தாண்ணா."

"உங்களுக்கு அண்ணன் யாருங்க இங்க? அப்படி யாரும் இல்லைன்னு கோர்ட்டுல எழுதிக் குடுத்திருக்கீங்களே."

"அது வக்கீல் எழுதினதுண்ணா."

"கையெழுத்து யாருது? நான் நிரூபிக்கணுமாம். அதுவும் கண்டிப்பா! என் தோள்மேல ஒக்காந்து தேர் பாத்தவனைத் தம்பின்னு நான் யாருகிட்டப் போயிடா நிரூபிக்கறது?"

அந்த 'டா' காதில் விழுந்ததும் சென்னகிருஷ்ணனுக்கு நெஞ்சு லேசானது. ஆனால் வெங்கடப்பன் உடனே சுதாரித்துக்கொண்டார்.

"கோர்ட்டுல எழுதினதைக் கோர்ட்டுலயே மாத்திட்டு வாங்க. அப்புறம் தாம்பூலத்துக்கு வர்றதைப் பத்திப் பேசலாம்."

சரோஜம்மாள் காப்பி கொண்டுவந்து வைத்தாள். "அண்ணி" என்றார் சென்னகிருஷ்ணன்.

"அதையும் சேர்த்தே எழுதிக்கிட்டு வாங்க" என்றாள் அவள்.

வக்கீல் கேட்டதும் பதறிப்போனார். "திருத்த மனுவா? அவர் அண்ணன்னு ஒத்துக்கிட்டா, பாதி நிலத்தைத் தூக்கிக் குடுத்த மாதிரியாச்சே!"

சென்னகிருஷ்ணன் கேட்டார். "அவரு அண்ணன்தான், ஆனா நிலம் அப்பா எனக்கு மட்டும் விட்டதுன்னு சொல்ல முடியாதுங்களா?"

"சொல்லலாம்."

"அப்ப நிலத்தை மட்டும் மறுங்க சார். அண்ணனை விட்டுடுங்க."

வக்கீல் முனகிக்கொண்டே எழுதினார். எதிர்மனுதாரர் தன் உடன்பிறந்த அண்ணன் என்றும், கவனக்குறைவால் அது மறுக்கப்பட்டுவிட்டது என்றும், எதிருரையைத் திருத்த அனுமதிக்க வேண்டும் என்றும் மனு சொன்னது. கவனக்குறைவு என்ற சொல்லைச் சென்னகிருஷ்ணன் மனசுக்குள் புரட்டிப் பார்த்தார். பொய்யென்று சொல்ல முடியவில்லை.

விசாரணை நாளன்று அண்ணனின் வக்கீல் ஆட்சேபணை மனு ஒன்றைத் தாக்கல் செய்து, நகலைத் தம்பி பக்கம் நீட்டினார். சென்னகிருஷ்ணன் படித்தார். திருத்த மனுவில் கண்ட சங்கதிகள் யாவும் பொய்யாம். ஒவ்வொன்றையும் மனுதாரர் கண்டிப்பாக நிரூபிக்க வேண்டுமாம். கீழே வெங்கடப்பனின் கையெழுத்து, கோணல்மாணலாக.

நகலை எடுத்துக்கொண்டு வராந்தாவில் நின்ற அண்ணனிடம் போனார்.

"நான் உங்களுக்குத் தம்பின்னு இப்ப நான் நிரூபிக்கணுமாங்க?"

வெங்கடப்பன் வரிக்கு வரி விரலை வைத்துப் படித்தார். முடித்துவிட்டு மறுபடி முதலிலிருந்து படித்தார். கட்சிக்காரர்கள் கூப்பிடப்பட்டு உள்ளே போவதும் வெளியே வருவதுமாக இருந்தார்கள்.

"போடுன்னாரு, போட்டேன்" என்றார் கடைசியில்.

"நானும் அப்படித்தாண்ணா போட்டேன்."

வழக்கைக் கூப்பிட்டார்கள். முன்சீப் இரண்டு மனுக்களையும் மாற்றி மாற்றிப் பார்த்தார். அண்ணனின் வக்கீலைக் கேட்டார்.

"அண்ணன்னு பிராதுல நீங்கதான் சொன்னீங்க. அவர் இப்ப ஆமாங்கறார். இதுல உங்களுக்கு என்ன ஆட்சேபணை?"

"காலதாமதம், யுவர் ஆனர். இவ்வளவு நாள் சும்மா இருந்துட்டு, திடீர்னு அண்ணங்கறார்."

முன்சீப் வெங்கடப்பன் பக்கம் திரும்பினார். "பெரியவரே, இவர் உங்களுக்கு யாரு?"

"கட்சிக்காரர் இந்தக் கட்டத்துல..." என்று வக்கீல் குறுக்கே புகுந்தார்.

"நீங்க கம்முனு இருங்க சார்" என்றார் வெங்கடப்பன். "என் தம்பிதானுங்க ஐயா. எனக்கு அடுத்துப் பொறந்தவன். நிலம்தான் இவன் ஒருத்தனுதில்லீங்க."

"நிலம் என்னுதுதாங்க ஐயா" என்றார் சென்னகிருஷ்ணன் அவசரமாக. "ஆனா அண்ணன் அண்ணன்தாங்க."

பெஞ்ச் கிளார்க் கோப்பால் முகத்தை மறைத்துக்கொண்டார். முன்சீப் மனுவை அனுமதித்துவிட்டு, வழக்கை அடுத்த வெள்ளிக்கிழமைக்குத் தள்ளிவைத்தார்.

வெளியே வந்து இருவரும் பஸ் ஸ்டாண்டை நோக்கி நடந்தார்கள். வெங்கடப்பன் முன்னால், சென்னகிருஷ்ணன் நாலடி பின்னால். வெற்றிலைக் கடை வாசலில் வெங்கடப்பன் நின்றார். ஒரு கவுளியைப் பிரித்து இலைகளை முகர்ந்து பார்த்தார்.

"நாள் எப்போ குறிச்சிருக்கே?"

"நீ சொல்லாம எப்பிடிண்ணா குறிக்கறது? வர்ற வெள்ளிக்கிழமை நல்ல நாளுன்னாங்க."

"வெள்ளிக்கிழமை வாய்தா இருக்குதுல்லடா. வியாழக்கிழமை வெச்சுக்க. தாம்பூலத்தை மாத்திட்டு, மறுநாள் காலையில ரெண்டு பேரும் சேர்ந்தே கோர்ட்டுக்கு வந்துடலாம்."