பெருவிரல் கட்டு

இஷிமுரா எடுத்த படங்களுக்கெல்லாம் கதாநாயகனும் அவரேதான். ஜப்பானில் எந்தக் கம்பெனியும் அவரை நம்பிக் காசு போடாததால் அப்படியே பழகிவிட்டார். எண்பத்தாறில் இலங்கை அகதிகளைப் பற்றிப் படமெடுக்க மொன்ட்ரியாலுக்கு வந்தார். அதில் பிணமாகக் கிடக்க மட்டும் அவருக்கு ஒரு தமிழன் வேண்டியிருந்தது.

புஷ்பவதி ஜான்-டலோன் சந்தையிலிருந்து வந்து கதவைத் திறந்தபோது, அவள் கணவன் சிவானந்தம் ஹோலின் நடுவில் வெள்ளை வேட்டி போர்த்தி நீட்டி நிமிர்ந்து கிடந்தான். கால் பெருவிரல்கள் இரண்டையும் துணிக்கீற்றால் சேர்த்துக் கட்டியிருந்தது. பக்கத்தில் இஷிமுராவின் கமெரா ஓடிக்கொண்டிருந்தது.

மரக்கறிப் பையை அப்படியே போட்டாள்.

“உசிரோட இருக்கிற மனிசனுக்கு ஆர் விரல் கட்டினது?”

“நான்தான் சொல்லிக் குடுத்தன். நம்மட முறை அப்பிடியே வரோணுமாம்,” என்றது பிணம்.

அவள் குனிந்து முடிச்சைப் பிய்த்தெடுத்தாள். எல்லாப் படத்திலும் நீதானே நடிக்கிறாய், சாவதற்கு மட்டும் என் புருசனா என்று இஷிமுராவைப் பார்த்துத் தெரிந்த இங்கிலீசில் கத்தினாள்.

அவர் முகம் மலர்ந்துவிட்டது. சிவானந்தத்தை எழுப்பிவிட்டு அந்த இடத்தில் தானே படுத்தார். இதே கோபத்தோடு நீங்களே கட்டுங்கள், கமெரா ஓடட்டும் என்று கால்களை அவள் பக்கம் நீட்டினார்.

புஷ்பவதி கையிலிருந்த துணிக்கீற்றை அவர் முகத்தில் வீசினாள். இப்போது இங்கிலீசு வரவில்லை.

“ஆமி புடிச்சுக் கொண்டுபோன என்ட தம்பிட பிரேதத்தையே தரல்ல. அவன்ட காலக் கட்டக் குடுத்துவைக்காத நான், உன்ட காலக் கட்டுறதாடா?”