பதினோராம் அடியில் கதவு

...எழுந்துவிட்டார், கட்டிலைப் பிடித்துக்கொண்டு எழுந்தாகிவிட்டது, இனி நான் வாயைத் திறக்காமல் நின்றால் போதும், கதவு இருந்த இடத்தில் கதவு இல்லை என்பதை அவர் நெற்றியே கண்டுபிடித்துக்கொள்ளும். பதினோரு அடி. என் மாமனார் குழந்தைசாமிக்குக் கண் போன இந்த நாலு வருஷமும் அதுதான் கணக்கு, கட்டிலிலிருந்து பதினோரு அடி, வலது பக்கம் திரும்பினால் பாத்ரூம். அறந்தாங்கியில் மகள் வீட்டில் பத்து நாள் இருந்துவிட்டு இன்று காலைதான் வந்தார், அதற்குள் நாகராசு கொத்தனார் கதவைப் பெயர்த்து மூன்றடி தள்ளி வைத்து, பழைய வழியைச் செங்கல்லால் அடைத்து, பூசி, பச்சைப் பெயிண்டும் அடித்துக் கொடுத்துவிட்டார். தரையெல்லாம் பினாயில் ஊற்றித் துடைத்தேன், சாம்பிராணி போட்டேன், ஒரு வாடையும் தெரியாது. ஒன்று... இரண்டு... சுவரைத் தொடாமல்தான் நடப்பார், நான் கட்டுன வீட்டுல நான் தடவிக்கிட்டு நடக்கணுமாக்கும் என்பார், அவ்வளவு வீம்பு, அந்த வீம்புதான் எனக்கு இன்றைக்கு வேண்டும்.

சோபாவில் டீயோடு உட்கார்ந்திருக்கிறாள் என் நாத்தனார் சுடர்விழி, சண்டை போட்டுக்கொண்டு போய் ஏழு வருஷம் வாசல் மிதிக்காதவள், இந்த பாத்ரூமே அவள் போன பிறகு கட்டியது, கதவு எங்கே இருந்தது என்று அவளுக்கு எப்படித் தெரியும்? அப்பா எங்க வீட்டுல தெளிவாத்தான் இருந்தாரு அண்ணி, நீங்கதான் மறதி மறதிங்கிறீங்க என்றாள் சற்று முன்னால். பார்க்கட்டும், தன் கண்ணாலேயே பார்க்கட்டும். குவைத்திலிருந்து என் வீட்டுக்காரர் தீர்மானமாகச் சொல்லிவிட்டார், தங்கச்சி சரின்னு சொன்னா ஹோம்ல விட்டுருவோம், இல்லாட்டி அவரு நம்மகூடத்தான். இன்னும் எத்தனை வருஷம்? மூன்று... நான்கு... என்ன நிதானமாக நடக்கிறார், என்னமோ கோயில் பிரகாரம் சுற்றுகிற மாதிரி.

நான் பொல்லாதவளா? இருக்கட்டும். தலைப்பிரசவத்துக்கு அன்னவாசலில் என் அம்மா வீட்டுக்குப் போய்விட்டு மூன்று மாதம் கழித்துப் பிள்ளையோடு வந்தேன், என் அறையில் ஜன்னல் இல்லை. தெருவைப் பார்த்த ஒரே ஜன்னல், அதில் நின்று எதிர்வீட்டு அழகியோடு பேசிச் சிரிப்பேன், அது இவருக்குப் பிடிக்காது. மாமா, ஜன்னல் எங்கங்க என்றேன். அங்கிட்டு எப்பம்மா ஜன்னல் இருந்துச்சு, பிரசவத்துல ரத்தம் போனதுல ஒனக்கு என்னமோ ஆயிருச்சு என்றார், முகத்தில் ஒரு கோடுகூட அசையவில்லை. எல்லாரும் சிரித்தார்கள், என் வீட்டுக்காரரும். ஒரு மாதம் நானே நம்பினேன், எனக்குத்தான் என்னமோ ஆகிவிட்டது என்று அந்தச் சுவரைத் தடவித் தடவி அழுதேன். கொத்தனாரான அவர் தன் கையாலேயே பூசியது, எத்தனை நேர்த்தியான பூச்சு, ஜன்னல் இருந்த தடமே கிடையாது. ஐந்து... ஆறு...

நான் ஒன்றும் திட்டம் போட்டுத் தொடங்கவில்லை. கண் ஆபரேஷனுக்கு அவர் மதுரையில் கிடந்தபோது, வாஸ்துக்காரர் சொன்னார் என்று என் வீட்டுக்காரர் போனில் சொல்லச் சொல்லச் சமையலறைச் சுவரை இரண்டடி நகர்த்தினோம். வந்தவர் முட்டிக்கொண்டு, சுவரு நகந்துருக்கேம்மா என்றார். கத்துவாரே என்ற பயத்தில்தான் சொன்னேன், ஒன்னும் மாத்தலைங்க மாமா, எல்லாம் இருந்த எடத்துலதான் இருக்கு. சொல்லும்போது நாக்கு இனித்தது, சத்தியமாக இனித்தது. அடுத்து அவர் ஊருக்குப் போயிருந்தபோது பூஜையறைக் கதவு, அதற்கடுத்து கொல்லைப் படி, ஒவ்வொரு தடவையும் அதே பதில், குரலில் அதே பரிவு. என் வீடு நடமாடுதுடா என்று வருகிறவர்களிடமெல்லாம் சொல்ல ஆரம்பித்தார், கேட்டவர்கள் என்னைப் பார்த்து உச்சுக்கொட்டினார்கள், டாக்டர் மறதி என்று எழுதினார். ஏழு... எட்டு... ஒன்பது... பத்து... கூப்பிடலாமா, மாமா நில்லுங்க என்று ஒரு வார்த்தை... பதினொன்று.

தேங்காய் உடைக்கிற சத்தம். சுடர்விழி டீயைக் கொட்டிவிட்டு எழுந்தாள். அவர் விழவில்லை, உள்ளங்கையைச் சுவரில் வைத்தார், தடவினார், விரல் முட்டியால் மூன்று முறை தட்டிப் பார்த்தார். பெயிண்ட் சரியாகக் காயவில்லை, பாவி நாகராசு. கட்டைவிரலால் மற்ற விரல்களைத் தேய்த்தார், மூக்கருகே கொண்டுபோனார், பிறகு வேட்டியில் மெதுவாகத் துடைத்தார், வெள்ளை வேட்டியில் நாலு விரல் பச்சை. முடிந்தது, இதோ சொல்லப்போகிறார், மகளைக் கூப்பிட்டுக் காட்டப்போகிறார்... அவர் குனிந்து வேட்டியை மடித்துக் கட்டினார். பச்சை உள்ளே போய்விட்டது.

"என்னப்பா ஆச்சு?"

"ஒன்னுமில்லத்தா. கதவு இங்கனதான் இருக்குன்னு நெனச்சுட்டேன். அண்ணி சொல்றது சரிதான், எனக்குத்தான் புத்தி கெட்டுப்போச்சு. அண்ணன்ட்ட சொல்லிரு, நாளைக்கே நான் அந்த ஹோமுக்குப் போறேன்."

அவள் அவர் தோளில் சாய்ந்து அழுகிறாள், நான் ஜெயித்துவிட்டேன், சிரிப்பு வர வேண்டாமா, கோபம்தான் வருகிறது, இந்தத் தயவை யார் கேட்டார்கள்? நாற்பது வருஷம் சுவர் பூசிய கைக்குப் புதுப் பூச்சு எது, பழைய பூச்சு எது என்று தெரியாதா, இது எனக்கு எப்படி இத்தனை நாளாகத் தோன்றாமல் போயிற்று? எந்தச் சுவரிலிருந்து தெரியும்? சமையலறைச் சுவரிலேயே தெரிந்திருந்தால்... ஒவ்வொரு தடவையும் நான் பொய் சொல்லச் சொல்லக் கேட்டுக்கொண்டு நின்றாரே, அது என்ன, தண்டனையா, யாருக்கு? இல்லை, என் கண்ணில் படாத இடத்துக்குப் போனால் போதும் என்று ஆகிவிட்டதா?

"பொற்கொடி," என்று கையை நீட்டினார், மகள் பக்கத்திலேயே நிற்க, என் பக்கமாக. "பாத்ரூமு எங்கிட்டும்மா?"

இத்தனை வருஷத்தில் என்னிடம் அவர் வழி கேட்டதில்லை. விரல்கள் பிசுபிசுவென்று ஒட்டின, விடுவித்துக்கொள்ள முடியவில்லை, கூட்டிக்கொண்டு போனேன். பக்கத்தில் போகும்போதுதான் கவனித்தேன், சத்தமில்லாமல் உதடு அசைகிறது, பன்னெண்டு, பதிமூணு, பதினாலு... கதவைத் தொட்டதும் தலையை ஆட்டிக்கொண்டார். நாளைக்குப் போகப் போகிறவர் எதற்கு எண்ணுகிறார்?