ஆறாத நாற்காலி

ரொட்டிக் கடையின் மூன்றாவது நாற்காலி ஒரு செவ்வாய்க்கிழமை காலை ஏழு மணிக்குச் சூடானது. அதற்குப் பிறகு ஆறவில்லை. அன்று பன் விலை ஏறியிருந்ததால் தெருவில் யாரும் இதைப் பெரிதாகப் பேசவில்லை.

இரவில் நகரமே வந்துபோய், பகலில் அந்தப் பக்கம் தலைவைத்தும் படுத்ததில்லை என்று சாதிக்கும் தெரு அது. வண்ண விளக்குகள் அணைந்ததும் வாசல் காவலாளிகளும், குதிகால் செருப்பைக் கையில் பிடித்த ஆட்டக்காரிகளும் ரொட்டிக் கடைக்கு வருவார்கள். அவர்களில் கணுக்கால் வீங்கிய ஒருத்தி மூன்றாவது நாற்காலியில் உட்கார்ந்து எழுந்தாள். நடந்தது அவ்வளவுதான். ரொட்டிக்காரர் அதன்மேல் மாவுச் சட்டியை வைத்துப் பார்த்தார். குளிர்காலத்தில் மூன்று மணி நேரம் முரண்டு பிடிக்கும் மாவு ஒரே மணி நேரத்தில் பொங்கியது. அதிலிருந்து தினமும் மாவு வைக்குமுன் உள்ளங்கையை நாற்காலியில் பதித்து, கண்ணை மூடிச் சூடு பார்ப்பார்.

அவர் கண்ணை மூடுவதைத்தான் மனைவியால் தாங்க முடியவில்லை. "சூடுதானடி பாக்குறேன்" என்பார். "என்னை எப்பவாவது இப்படித் தொட்டுப் பாத்திருக்கீங்களா?" என்பாள். நாற்காலிமேல் ஐஸ் தண்ணீர் ஊற்றினாள், ஆவி பறந்தது. ஒரு வாரம் மழையில் போட்டாள். தெரு நாய்கள் அதைச் சுற்றிப் படுத்துச் சுகமாகத் தூங்கின. இரண்டு குளிர்காலம் வயிறெரிந்தாள். மூன்றாவதில், அந்த நாற்காலி இருக்கும் இடத்தில் தான் இருக்கப்போவதில்லை என்று துணிமணிகளைப் பெட்டியில் அடுக்கினாள். போகுமுன் ஆட்டக்காரியிடமே கேட்டாள்.

"அதுல என்ன மருந்துடி வச்ச?"

"மருந்தா? ராத்திரி பூரா நின்னு ஆடிட்டு வந்து உக்காருறேன்க்கா, அவ்ளோதான். நீங்க எப்ப உக்காந்தீங்க?"

மனைவி மனதுக்குள் கணக்குப் போட்டுப் பார்த்தாள். கல்யாணமான ஒன்பது வருஷமும் அந்தக் கடையில் நின்றபடியேதான் சாப்பிட்டிருக்கிறாள். ஆட்டக்காரி அவள் கையிலிருந்த தட்டை வாங்கிக்கொண்டு, நொண்டியபடியே மேசைகளுக்குத் தேநீர் கொடுக்கப் போனாள். இப்படிப்பட்ட நேரங்களில்தான் கடவுள் கடைக்குள் வந்துபோகிறார். வியாபார மும்முரத்தில் யாரும் கவனிப்பதில்லை. சூட்டு நாற்காலியைத் தொடமாட்டேன் என்ற வீம்போடு அவள் நான்காவதில் உட்கார்ந்தாள்.

அடுப்படியிலிருந்து அதைப் பார்த்த ரொட்டிக்காரர் பதறி ஓடிவந்தார். "என்னம்மா, காய்ச்சலா?" என்று மாவு ஒட்டிய உள்ளங்கையை அவள் நெற்றியில் வைத்தார். கண்ணை மூடி வெகுநேரம் பார்த்தார்.

நான்காவது நாற்காலியும் அன்றிலிருந்து ஆறவில்லை. இப்போது ஒன்றில் பன்னுக்கான மாவும் இன்னொன்றில் ரொட்டிக்கான மாவும் பொங்குகின்றன. ஏழு மணிக்குள் சட்டிகளை எடுத்துவிட வேண்டும். பெண்கள் இருவரும் உட்கார வருவார்கள்.