படுக்கையறைக்கு வந்த வழக்கு

இரும்பு கடையும் பட்டறை வைத்திருந்த லேத்காரர் எட்டு வருடமாக வாய்தா வாங்கியே வழக்கை ஓட்டிக்கொண்டிருந்தார். அப்பா விட்டுப்போன மாடிவீட்டில் பாதி கேட்டு வழக்குப் போட்டவள் அவருடைய அக்கா. அப்பா வாய்மொழியாக வீட்டைத் தனக்கே கொடுத்துவிட்டார் என்பது இவர் கொடுத்த பதில். அதைக் கூண்டேறிச் சொல்லவேண்டிய நாள் வரும்போதெல்லாம் ஏதாவது குறுக்கே வந்தது. ஒருமுறை பத்திரம் காணவில்லை. ஒருமுறை வக்கீலை மாற்றினார். மாமியார் இறந்துவிட்டதாகக்கூட ஒரு வாய்தா வாங்கினார். மாமியார் அன்று அடுத்த தெருவில் துணி உலர்த்திக்கொண்டிருந்தார்.

இந்தத் தடவை முதுகுவலி. மூன்று மாதம் எழுந்திருக்கக் கூடாதென்று மருத்துவச் சான்றிதழ். புதிதாக வந்திருந்த நீதிபதி அதை இரண்டு தரம் படித்தார்.

"முதுகுதானே போயிருக்கு. பேச்சு வருமில்ல?"

நீதிபதி, லேத்காரரின் வீட்டிலேயே சாட்சியத்தைப் பதிவுசெய்ய இளம் பெண் வக்கீல் ஒருவரை ஆணையராக நியமித்தார். வியாழக்கிழமை பத்து மணி. அன்றும் பேசாவிட்டால் இவர் தரப்புச் சாட்சியம் அத்தோடு முடிந்தது.

"பட்டறைப் பக்கம் தலைகாட்டாதீங்க. நல்லாப் படுத்துக்கங்க," என்றார் லேத்காரரின் வக்கீல்.

வியாழனன்று இடுப்பில் பட்டை கட்டிப் படுத்திருந்தார். ஆணையர், தட்டச்சு செய்பவர், இரு தரப்பு வக்கீல்கள் என்று அறை நிறைந்துவிட்டது. கடைசியாக அக்கா வந்தாள். எட்டு வருடத்துக்குப் பிறகு இப்போதுதான் அந்த வாசற்படியை மிதிக்கிறாள்.

"ரொம்ப வலிக்குதாடா?"

அவர் தலையை மட்டும் ஆட்டினார். அவள் தலையணையை எடுத்து முதுகுக்கு வாகாக வைத்து, அவரைச் சாய்த்து உட்காரவைத்தாள். பிறகு தன் வக்கீலிடம், "சீக்கிரம் முடிங்க சார். இவனால ரொம்ப நேரம் உக்கார முடியாது," என்றாள்.

அந்த வக்கீல் கேட்டார்: "வீட்டைப் பத்தி உங்கப்பா கடைசியா என்ன சொன்னாரு?"

மனப்பாடம் செய்துவைத்த பதில் நாக்கு நுனியில் இருந்தது. அக்காவின் கை இன்னும் தலையணை மேல் இருந்தது.

"ஆளுக்குப் பாதின்னுதான் சொன்னாரு."

அவருடைய வக்கீல் பேனாவை மூடிச் சட்டைப்பையில் செருகினார்.

கையெழுத்துப் போடும் நேரத்தில் ஆணையரின் பேனா கட்டிலுக்கு அடியில் உருண்டது. லேத்காரர் யோசிக்கவே இல்லை. சட்டென்று இறங்கிக் குனிந்து, கையை நீட்டி எடுத்து, நிமிர்ந்து கொடுத்தார்.

ஆணையர் அதையும் குறிப்பில் எழுதினார்.

"அப்ப முதுகு?" என்றாள் அக்கா.

அவர் இடுப்புப் பட்டையை அவிழ்த்துக் கட்டிலில் போட்டார்.

"நெஜமாவே நீ படுக்கையில விழுந்துட்டேன்னு நெனச்சு, ராத்திரி பூரா தூங்கலடா நான்."

அவர் சொன்ன உண்மை அவள் காதில் ஏறியதாகவே தெரியவில்லை. பையை எடுத்துக்கொண்டு இறங்கிப் போய்விட்டாள்.

இரண்டு மாதத்தில் தீர்ப்பு வந்தது. ஆளுக்குப் பாதி. கீழ்த்தளம் அவளுக்கு. பொய்ச் சான்றிதழுக்கு நீதிபதி விளக்கம் கேட்டு, தனியாக ஒரு தேதியும் போட்டிருந்தார்.

அக்கா கீழே குடிவந்த அன்று பீரோவை வண்டியிலிருந்து இறக்க ஆள் போதவில்லை. லேத்காரர் இறங்கிப்போய் ஒரு முனையைப் பிடித்தார்.

"விடு," என்றாள். "கூலிக்கு ஆள் வருது."

அவர் கையை எடுத்துவிட்டு, வழி விட்டு ஒதுங்கினார்.