கனவில் வந்த சுனை

தணலுக்குள் கிடந்த கங்காரு வாலைக் குச்சியால் புரட்டிப் போட்டுவிட்டு, மாவிஸ் நாய்களை விரட்டினாள். நாய் ஒரு மிதி மிதித்தால் போச்சு, விடிந்ததிலிருந்து பட்ட பாடெல்லாம் வீண். காய்ந்த ஆற்று மணலில், வெள்ளை மரத்து நிழலில், ஓர் ஆள் படுத்து உருளும் அளவுக்குத் துணி விரித்திருந்தாள். மூலைக்கு ஒரு கல். துணியின் நடுவிலேயே சம்மணமிட்டு உட்கார்ந்து, குச்சி முனையைச் சாயத்தில் தொட்டுத் தொட்டுப் புள்ளி வைத்தாள். புள்ளி, புள்ளி, புள்ளி. வைக்க வைக்கக் கண் செருகியது. தூக்கமில்லை அது. தூக்கத்துக்கும் விழிப்புக்கும் நடுவே ஒரு வழி இருக்கிறதே, அந்த வழியில் அவள் போய்க்கொண்டிருந்தாள்.

ஊருக்குள் ஓவியக் கொட்டகை இருக்கிறது. நிழலும் டீத்தண்ணியும் ஊர்க்கதையும் அங்கே குறைவில்லாமல் கிடைக்கும். ஆனால் அங்கே உட்கார்ந்தால் கேட்பார்கள்: இது யார் வழிக் கதை, பக்கத்தில் காவலுக்கு யார் உட்கார்ந்தது என்று. அதற்குப் பயந்துதான் மாவிஸ் ஆற்று மணலுக்கு வந்திருந்தாள்.

அங்கே ஒவ்வொரு குடும்பத்துக்கும் ஒரு நிலம், அதற்கொரு கதை; படமும் அதிலிருந்துதான். அவள் அப்பன் வழிக் கதை காட்டுக்கிழங்கு. மண்ணுக்குள் வேர் ஓடுவதும், மேலே தரை வெடிப்பதும் அவள் கைக்குத் தண்ணீர் பட்ட பாடு. இன்று துணியில் கிழங்கு இல்லை. பாறைக்கு நடுவே ஒரு சுனை, அதைச் சுற்றிச் சுருண்டு கிடக்கும் கரும்பாம்பு. அது அவள் புருஷன் வழிக் கதை. அவருக்கும் அவர் தங்கை எஸ்தருக்கும் உரியது. எஸ்தரின் மகள் நோரீன் அதற்குக் காவல். தாய்மாமன் கதைக்கு மருமக்கள்தானே காவல்? உரியவர் வரையலாம், ஆனால் காவல்காரர் பக்கத்தில் உட்கார்ந்து சரி என்று சொல்ல வேண்டும். கட்டி வந்தவளுக்கு அதில் பங்கு, அவர்கள் கோடு போட்டுக் கொடுத்தால் புள்ளி வைப்பது மட்டும்.

போன மழைக்கு முன்னால் அவர் போய்ச் சேர்ந்தார். அன்றைக்கே அவர் பெயரை ஊர் தன் நாக்கிலிருந்து இறக்கி வைத்தது; செத்தவர் பெயரைச் சொல்வது அங்கே வழக்கமில்லை. கதையையும் மூடினார்கள். சுனைப் பாட்டை யாரும் பாடுவதில்லை, அந்தப் பக்கம் வண்டி திரும்புவதில்லை. எஸ்தர் மனசு ஆறி, இலைப்புகை போட்டுத் துக்கம் கழித்துத் திறக்கும் வரைக்கும் அது பூட்டின வீடு.

பூட்டின வீட்டுக்குள்ளிருந்துதான் அவர் வந்தார். விடியப்போகிற நேரத்துக் கனவில் முன்னால் நடந்தார், திரும்பிப் பார்க்கவில்லை. செம்பாறைகள் தூங்குகிற மிருகங்களைப் போல மூச்சு விட்டன. பாறையின் வயிற்றில் தண்ணீர். தண்ணீருக்குள் வானம் மல்லாந்து படுத்திருந்தது. சுனைக்குச் சற்றுத் தள்ளி, புல் கொத்துக்கு அடியில், தட்டைக் கல்லொன்றைத் தூக்கினார். உள்ளங்கையளவு குழி, அதிலும் தண்ணீர். அவளை ஒருமுறை பார்த்தார். கல்லைப் பழையபடி வைத்தார். எழுந்தபோது மாவிஸின் விரல் நுனிகள் சில்லென்றிருந்தன. மறுநாளும் வந்தார், அதற்கு மறுநாளும் வந்தார். எனக்குக் கொடுத்துவிட்டார் என்று அவள் முடிவு கட்டிக்கொண்டாள்.

கனவில் படம் வருவது அந்த ஊரில் புதிதில்லை. பாதிப் பேருக்குப் படம் அப்படித்தான் வந்தது. ஆனால் கண்ட கனவைக் காலையில் அடுப்படியில் உட்கார்ந்து, யார் நிலம் கனவில் வந்ததோ அவர்களிடம் சொல்ல வேண்டும். மாவிஸ் சொல்லவில்லை. மிட்டாயை ஒதுக்கி வைத்துக்கொள்ளும் பிள்ளை மாதிரி வாய்க்குள்ளேயே வைத்துக்கொண்டாள்.

இந்த நேரம் பார்த்துத்தான் ட்ரெவர் கடை வாசலில் அவளைப் பிடித்தான். ஊர் ஊராகப் போய்ப் படம் வாங்கிப் பட்டணத்தில் விற்கிறவன்.

"கிழங்கு போதும் மாவிஸம்மா. எல்லார் வீட்டுச் சுவத்துலயும் கிழங்கு ஏறிடுச்சு. தண்ணிப் பாம்பு ஒண்ணு பெருசா போடுங்க. என்கிட்ட பழைய டொயோட்டா ஒண்ணு சும்மா நிக்குது, உங்களுக்கே விட்டுட்டுப் போறேன்."

வண்டி. அதுதான் அவளை விழ வைத்தது. அவரைப் புதைத்த மேடு அந்தப் பாறைக்கு இந்தப் பக்கம் இருக்கிறது. கால்நடையாகப் போகிற தூரமில்லை. எஸ்தர் எப்போது திறப்பாள், யார் வண்டியில் இடம் கிடைக்கும் என்று காத்துக் கிடக்க அவளால் முடியவில்லை. தனியாகப் போய் அந்த மண்ணில் கை வைத்து உட்கார்ந்தால் போதும். அதற்காக அந்த மண்ணின் படத்தையே விற்கிறோம் என்பது அவளுக்கு உறைக்கவில்லை. கண்ணை விற்றுச் சித்திரம் வாங்குகிறவளுக்கு, விற்று முடிக்கும் வரை கண் தெரியும்தானே.

வெயில் ஏறியதும் ட்ரெவர் வந்தான். டொயோட்டா அவன் வண்டிக்குப் பின்னால் கயிற்றில் கட்டி இழுபட்டு வந்தது.

"ஓடுமா?" என்றாள் மாவிஸ்.

"ஓடும். பேட்டரி மட்டும் கொஞ்சம் சோம்பேறி. இறக்கம் பாத்து நிறுத்திக்கிட்டா தள்ள ஆளே வேண்டாம்."

"இந்த ஊர்ல இறக்கம் எங்க இருக்கு? மேசை மாதிரி கிடக்கு."

அவன் சிரித்தான். துணியைப் பார்த்ததும் சிரிப்பு நின்றுவிட்டது. சுற்றிச் சுற்றி வந்தான். பிறகு கேமராவை எடுத்து, அவளைத் துணிக்குப் பக்கத்தில் நிற்க வைத்தான்.

"வாங்குறவங்க கேப்பாங்க. ரெண்டு வார்த்தை சொல்லுங்க. நடுவுல இந்த வட்டம் என்ன?"

"தண்ணி."

"யாரோட தண்ணி?"

அவன் சாதாரணமாகத்தான் கேட்டான். மாவிஸ் வாயைத் திறந்தாள். 'என்னோடது' என்று ஒரு சொல். அவ்வளவுதான் வேண்டியது. அந்தச் சொல் வரவில்லை. நிலத்தைப் பற்றி அந்த ஊரில் யாரும் பொய் சொல்வதில்லை. நிலம் கேட்டுக்கொண்டிருக்கும்.

"அண்ணி, உங்க அப்பன் காட்டுல கிழங்கு தீந்து போச்சா?"

கரைமேல் எஸ்தர் நின்றாள். பக்கத்தில் நோரீன், கடை அங்கியைக்கூடக் கழற்றாமல்.

"நான் இங்க இருக்கேன்னு எப்படி..." என்று மாவிஸ் இழுத்தாள்.

"உன் காலடிதான் ஊருக்கே தெரியுமே. இடது கால இழுத்து இழுத்து, மணல்ல ரோடு போட்டு வெச்சிருக்கே."

"கடையப் பூட்டிட்டு வந்திருக்கேன் அத்தை," என்றாள் நோரீன். "ஊரே பால்மாவுக்கு நிக்குது. சீக்கிரம் சொல்லுங்க, என்ன வேலை இது?"

எஸ்தர் இறங்கி வந்து துணியின் ஓரத்தில் உட்கார்ந்தாள். திட்டப்போகிறாள் என்று மாவிஸ் தோளைக் குறுக்கிக்கொண்டாள். எஸ்தர் திட்டவில்லை. வாயைப் பொத்திக்கொண்டு அழுதாள். அண்ணனின் மண்ணை அவள் கண்ணால் பார்த்து எவ்வளவு காலமாயிற்று. அழுகை ஓய்ந்தபோது அவள் பார்வை சுனையைத் தாண்டிப் போய், புல் கொத்துக்கு அடியிலிருந்த சின்ன வட்டத்தில் நின்றது.

"இத யார் சொன்னது உனக்கு?"

"யாரும் சொல்லல. விடியக்கருக்கல்ல வந்து காட்டினாரு. கல்லத் தூக்கிக் காட்டிட்டு மூடிட்டாரு."

எஸ்தர் அந்த வட்டத்தின்மேல் படாமல் விரலை நீட்டினாள். மரத்திலிருந்து ஒரு பட்டை உரிந்து மணலில் விழுந்தது.

"எங்க அப்பா எங்க ரெண்டு பேருக்கு மட்டும் காட்டின குழி அது," என்றாள். "பெரிய சுனை வத்தினாலும் இது வத்தாது. குருவி விழுந்து அழுகிடாம கல்லப் போட்டு மூடணும்பாரு. அவர் போயாச்சு, அண்ணன் போயாச்சு. நான் ஒருத்திதான் பாக்கி. இவளுக்குக்கூட இன்னும் காட்டல." நோரீனைப் பார்த்தாள். "அழுதுக்கிட்டே கதைய மூடி வெச்சுட்டேன். அண்ணன் வந்து தட்டியிருக்கான், எனக்குக் காது கேக்கல. அதான் உன்கிட்ட சொல்லி விட்டிருக்கான். அது எனக்கு வந்த சேதி அண்ணி. நீ அத வழியிலயே வித்துட்டுப் போகப் பாத்திருக்கே."

மாவிஸுக்கு அடி விழுந்திருந்தால் தாங்கியிருப்பாள். கனவில் அவர் தன்னைப் பார்த்த பார்வை இப்போதுதான் புரிந்தது. இந்தா, உனக்கு என்று சொல்கிற பார்வையில்லை அது. சொல்லிவிடுவாயா என்று கேட்கிற பார்வை. மாட்டுப் பண்ணையில் வேலை பார்க்கும் அவளுடைய மகன்களுக்கு அப்பன் வழியில் வந்ததும் அந்தச் சுனைதான். பெற்ற பிள்ளைகள் நிற்க வேண்டிய மண்ணை இழுபட்டு வந்த வண்டிக்கு மாற்றிக்கொள்ளப் பார்த்திருக்கிறாள். அந்தத் துணி கைமாறிப் போய்விட்டால் எஸ்தரின் அடுப்படியில் இனி அவளுக்கு இடமிருக்காது.

ட்ரெவர் தொண்டையைச் செருமினான். "இதுல என்னம்மா தகராறு? நாலு புள்ளிய மாத்திப் போட்டா யாருக்குத் தெரியப் போகுது? வாங்குறவங்களுக்கு எல்லாம் புள்ளிதான்."

நோரீன்தான் சொல்ல வேண்டியவள், வயதில் சின்னவளானாலும் காவல் அவள். குத்துக்காலிட்டு உட்கார்ந்து துணியை ஒரு முனையிலிருந்து மறுமுனை வரை பார்த்தாள்.

"அழகாத்தான் இருக்கு அத்தை. ஆனா போகக் கூடாது. மூடுங்க. நான் பாத்துக்கிட்டு இருக்கேன்."

மாவிஸ் செஞ்சாயத்தைக் கையில் அள்ளினாள். முதலில் சின்னக் குழியை மூடினாள். பிறகு பாம்பை, பிறகு தண்ணீரை. தண்ணீரின்மேல் கை போகும்போது மட்டும் கொஞ்சம் தயங்கியது. துணி முழுக்க மழை பெய்து ஓய்ந்த தரை மாதிரி சிவந்து கிடந்தது.

"வண்டிய எடுத்துட்டுப் போ தம்பி," என்றாள். "யாரோட தண்ணின்னு நல்ல கேள்விதான் கேட்டே. அடுத்த ஊர்லயும் மொதல்ல அதக் கேளு. பதில் வர்ற வரைக்கும் கயித்த அவுக்காத."

ட்ரெவர் முணுமுணுத்துக்கொண்டே போனான். டொயோட்டா ஆடியாடிப் பின்னால் போயிற்று.

குளிர் விட்ட பிறகு எஸ்தர் புகை போட்டுக் கதையைத் திறந்தாள். கடை லாரியில் எல்லோருமாகச் சேர்ந்து போனார்கள். எஸ்தர் மகளை மட்டும் கூட்டிக்கொண்டு பாறைக்குப் பின்னால் போனாள். மாவிஸ் அவரைப் புதைத்த மேட்டில் கை வைத்து உட்கார்ந்திருந்தாள். அவர்கள் எங்கே போனார்கள் என்று அவள் கேட்கவில்லை.

இப்போது கொட்டகையில் மூவரும் ஒரே துணியில் உட்காருகிறார்கள். எஸ்தர் கோடு இழுக்கிறாள், நோரீன் பார்த்திருக்கிறாள், மாவிஸ் புள்ளி வைக்கிறாள். அந்தத் துணியில் பெரிய சுனை மட்டும்தான் இருக்கிறது. சின்னக் குழி அதில் இல்லை.

ஒருநாள் வெளியூர்ப் பெண் ஒருத்தி வந்து வியந்து நின்றாள். "இவ்வளவும் நீங்க வரைஞ்சதா?" என்று மாவிஸைக் கேட்டாள்.

"புள்ளி என்னோடது," என்றாள் மாவிஸ், குச்சியை எடுக்காமல். "கதை இவளோடது. காவல் அவளோடது. அடுத்தவங்க பொருள ஆசைக்கு எடுத்தாலும் திருட்டுதாம்மா, அன்புக்கு எடுத்தாலும் திருட்டுதான். உரியவங்களக் கேட்டுட்டு ஒரு புள்ளி வெச்சாலும், அதுதான் நம்மளோடது."