ஜப்தி செய்த பேருந்தில் ஒரு தையற்காரி

1.
இந்தக் கதை ஒரு பேருந்து வராததால் பிறந்தது. நின்று நின்று கால் கடுத்துப்போய்ப் பக்கத்தில் இருந்தவரைக் கேட்டேன். "அந்த பஸ்ஸை கோர்ட்ல பிடிச்சு வச்சிருக்காங்க சார்" என்றார். அதைக் கேட்ட பிறகும் வேலைக்குப் போகிற அளவுக்கு நான் பொறுப்பானவன் அல்ல. கோர்ட்டுக்குப் போனேன்.

2.
முதல் வரி: 'விதி அவளுடைய வலது காலை—'

அடித்துவிட்டேன். விதி அல்ல, போக்குவரத்துக் கழகத்தின் பேருந்து. பிரேக் பிடிக்கவில்லை. தையற்காரிக்கு முட்டிக்குக் கீழே கால் போயிற்று. இழப்பீடு கொடு என்று தீர்ப்பு வந்தது. கழகம் அசையவில்லை. தீர்ப்பை நிறைவேற்றித் தரச் சொல்லி அவள் இன்னொரு மனுப் போட வேண்டியிருந்தது. (ஜெயித்த வழக்கை மறுபடி ஜெயிப்பது. இதையெல்லாம் கற்பனை செய்ய எனக்குத் திராணி இல்லை.)

3.
அவளுடன் நாத்தனாரும் வந்திருந்தாள். நாத்தனார் என்றால் வில்லி என்று எழுதிப் பழகிய கை, இவள் ஒத்துழைக்கவில்லை.

அன்று காலை பேருந்து நிலையத்தில், கோர்ட் ஊழியர் ஒரு பேருந்தின் முன்கண்ணாடியில் ஜப்தி நோட்டீசை ஒட்டினார். பயணிகள் முணுமுணுத்தபடி இறங்கினார்கள்.

"எங்க பஸ்தான் கெடச்சுதாம்மா உங்களுக்கு?" என்றார் ஒரு குடைக்காரர்.

"உங்க பஸ்ஸா?" என்றாள் நாத்தனார். "அப்ப பணத்த நீங்களே குடுத்துடுங்க. உங்களத்தான் இத்தன நாளா தேடிட்டிருந்தோம்."

குடைக்காரருக்கும் பேருந்துக்கும் ஒட்டுமில்லை உறவுமில்லை என்றாகிவிட்டது.

டிரைவரைக் கெட்டவராக்க நாலு வாக்கியம் வைத்திருந்தேன். அவரோ, "என் ஓவர்டைம் பாக்கிக்கும் சேத்து ஒட்டுங்க சார்" என்று சொல்லிவிட்டு, தானே வண்டியைக் கோர்ட் வளாகத்துக்கு ஓட்டிவந்தார். நாலும் வீண்.

4.
விபத்துக்குப் பிறகு அவள் எந்தப் பேருந்திலும் ஏறியதில்லை. படியைப் பார்த்தபடியே நின்றாள்.

"ஏறுங்க அண்ணி. இன்னிக்கு இது நம்ம வண்டி."

ஊன்றுகோலை நாத்தனாரிடம் கொடுத்துவிட்டுக் கம்பியைப் பிடித்து ஏறினாள். எஞ்சின் சூட்டின் வாடை. ரோட்டில் கிடந்தபோது முகத்தில் அடித்த அதே வாடை. கண்ணை மூடி, அது பழகும்வரை முன்சீட்டில் உட்கார்ந்திருந்தாள். (இங்கே ஓர் உவமை இருந்தது. வெட்கப்பட்டு எடுத்துவிட்டேன்.)

5.
கழகத்தின் வக்கீல் மேல்மூச்சு கீழ்மூச்சு வாங்க ஓடிவந்தார். "பாதிய இன்னிக்கே குடுத்துடறோம்மா. மீதிய அப்புறம் பாத்துக்கலாம். ஒரு கையெழுத்துப் போட்டு வண்டிய விட்டுடுங்க."

நாத்தனார் வாயைத் திறந்தாள். தையற்காரி கையமர்த்தினாள்.

"பஸ்ஸு என்மேல பாதியாவா சார் ஏறுச்சு?"

வக்கீல் போனை எடுத்துக்கொண்டு மரத்தடிக்கு நடந்தார்.

6.
முடிவு ஒன்று: முழுத்தொகைக்கும் காசோலை வருகிறது. தித்திப்பு தூக்கல்.

முடிவு இரண்டு: பேருந்து ஏலத்துக்கு வர, நாத்தனாரே அதை— (சிரிக்காதீர்கள், விசாரித்துவிட்டாள்.)

முடிவு மூன்று: கழகம் மேல்கோர்ட்டில் தடை வாங்கி... இதை எழுதக் கை வரவில்லை.

வக்கீல் இன்னும் போனில்தான் இருக்கிறார். கேட்டைச் சாத்த வந்த காவலாளி, "இறங்குங்கம்மா" என்கிறார். அவள் காற்றுக்காக ஜன்னல் கண்ணாடியை ஏற்றிவிட்டுக்கொண்டு சாய்ந்து உட்காருகிறாள்.

கதை முடிய வேண்டுமென்றால் அவள் இறங்கியாக வேண்டும் என்று நீங்கள் நினைத்தால், நீங்களே போய்ச் சொல்லுங்கள். நான் போக மாட்டேன். படியில் நாத்தனார் உட்கார்ந்திருக்கிறாள்.