வெயிலில் நின்ற லாரி

விடியுமுன் ஒயின் கேன்களை ஏற்றி, வெயில் ஏறுவதற்குள் சமவெளியைத் தாண்டித் துறைமுகக் கிடங்கில் இறக்கிவிட வேண்டும். சூடேறினால் ஒயின் கெட்டுவிடும்; மலையில் எல்லாருக்கும் தெரிந்த விஷயம் அது.

மூன்று வருடமாக, சரிவில் திராட்சை வளர்த்து ஒயின் போடும் அவளுடைய சரக்கு வெந்த பழ வாடையோடுதான் போய்ச் சேர்ந்தது. "உங்க சரிவுல மண்ணு செத்துப்போச்சும்மா" என்று கிடங்கு வியாபாரி விலையைப் பாதியாக்கினார். அதை நம்பி, மேற்குச் சரிவுத் திராட்சைக் கொடிகளைப் போன பருவத்தில் தன் கையாலேயே பிடுங்கி எரித்தாள். இந்த முறையும் கெட்டால் மீதிச் சரிவும் போகும். அதனால்தான், வழக்கமாகச் சரக்கைத் தனியாக ஓட்டிப்போகும் அண்ணனோடு இந்தத் தடவை லாரியில் ஏறினாள்.

"என்ன, என்மேல நம்பிக்கை இல்லையா?"

"நீ ரோட்டைப் பாரு."

நாற்பது வளைவுகளையும் இறங்கினார்கள். அடிவாரத்தில் அவன் நெடுஞ்சாலையை விட்டுத் திரும்பி, தன் மாமியார் வீட்டெதிரே பொட்டலில் நிறுத்தினான்.

"சாப்பிட்டு, கொஞ்சம் கண்ணசந்துட்டு சாயங்காலம் நாலு மணிக்குக் கிளம்பலாம்."

"எப்பவும் இப்படித்தானா?"

"மலையிறங்கி வந்தவனுக்கு உடம்பு வலிக்கும். உன் ஒயினுக்கு என்ன, காலா வலிக்கும்?"

கேனைத் தொட்டாள். அதற்குள் சுட்டது. முதலில் வந்தது கோபமல்ல, வெட்கம். மூன்று வருடமாகத் தன் கைகளையே சந்தேகப்பட்டிருக்கிறாள்: பறித்த நாள் தவறோ, தொட்டி கழுவியது போதாதோ என்று. கோபம் பின்னால் மெதுவாக வந்தது.

அவன் கைகழுவ உள்ளே போனான். சாவி வண்டியிலேயே இருந்தது. அவளுக்கு டிராக்டர்தான் பழக்கம். லாரி அதற்குப் பெரியப்பா, அவ்வளவுதானே என்று கிளப்பினாள்.

கிடங்கில் வியாபாரி ஒரு வாய் குடித்தார். மறுபடியும் குடித்தார்.

"மண்ணு பொழைச்சுக்கிச்சே!"

"மண்ணு சாகவே இல்ல. பழைய விலையைப் போடுங்க."

"தூரம், வளைவு, வண்டின்னு எல்லாம் சேர்ந்துதானேம்மா விலை?"

"அதெல்லாம் என் பாடு. பழைய விலை. இல்லேன்னா கேனைத் திருப்பி ஏத்தச் சொல்லுங்க."

முணுமுணுத்துக்கொண்டே ரசீதுப் புத்தகத்தை எடுத்தார். அவளுக்குச் சந்தோஷம் வரவில்லை. கொடிகளைப் பிடுங்கியபோது வேரெல்லாம் உயிரோடு, ஈரமாக, வெள்ளையாக இருந்ததுதான் கண்ணுக்குள் நின்றது.

போன் அடித்தது. அண்ணன்.

"என் வண்டியை எடுக்க உனக்கு என்னடி திமிரு?"

"நான் கொடியை எரிச்சப்ப பக்கத்துல நின்னு பார்த்தியே, அப்ப ஏன் வாயைத் திறக்கலை?"

"எனக்கென்ன தெரியும்?" என்றான். அவனுக்குத் தெரிந்திருந்தது. அந்தக் குரல் அப்படித்தான் இருந்தது.

"லாரி இங்க நிக்குது, பஸ் பிடிச்சு வந்து எடுத்துக்கோ" என்றாள். "இனிமே என் சரக்கை ஏத்த மட்டும் மலைக்கு ஓட்டிட்டு வந்துடாதே."